மொய் நோட்டில் அம்மாவின் பெயர்

மதுரை, தேனிப் பக்கத்து வீடுகளில் கல்யாண ஆல்பம் செல்லரித்துப் போனாலும் போகும், மொய் நோட்டு போகாது. நாலு மூலையிலும் மஞ்சள் தடவி, முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி போட்டு, தாய்மாமன் பெயரில் தொடங்குகிற அந்த நீள நோட்டைப் பீரோவில் நிலப் பத்திரங்களோடு சேர்த்து வைத்திருப்பார்கள். 1991இல் நடந்த என் பெற்றோரின் கல்யாண நோட்டும் அப்படித்தான் எங்கள் வீட்டில் இருக்கிறது. 2025 தை மாதம் நடந்த என் கல்யாணத்துக்கு யார் யாரை அழைப்பது என்று முடிவு செய்ததும் அந்த நோட்டுதான். கல்யாண வேலைகளில் நான் எதையாவது உருப்படியாகப் படித்தேன் என்றால் அதில்தான் படித்தேன்.

மண்டபம், சமையல், போட்டோ, பந்தல் எல்லாம் பணம் பேசினால் முடிகிறவை. அடுத்துக் கல்யாணம் வைத்திருப்பவர்களுக்கு ஒன்றிரண்டு மட்டும் சொல்கிறேன். சமையல்காரரிடம் இலைக்கு இவ்வளவு என்று பேசிக்கொண்டு, வந்த இலைக்கட்டையும் மிஞ்சிய இலைக்கட்டையும் எண்ண ஒரு சித்தப்பாவைச் சமையற்கட்டிலேயே நிறுத்திவிடுங்கள். தை முகூர்த்தம் என்றால் பூவுக்குத் தனியாகப் பணம் எடுத்து வையுங்கள். பனிக்காலத்தில் மல்லிகை வரத்து குறைந்துவிடும். மதுரை மல்லி கிலோ ஆயிரக்கணக்கில் போகும். மற்றபடி இவையெல்லாம் நடந்துவிடும், யாராவது எடுத்துக் கட்டிச் செய்துவிடுவார்கள். யாருக்குப் பத்திரிகை வைப்பது, யார் பெயரை எங்கே போடுவது, யார் கொடுத்ததை யார் பெயரில் எழுதுவது என்பவைதான் உறவுகளை உண்டாக்குவதும் அறுப்பதும்.

நானும் என் கணவராக வரவிருந்தவரும் பத்திரிகையில் ‘அன்பளிப்பைத் தவிர்க்கவும்’ என்று ஒரு வரி போடலாமா என்று பேசிக்கொண்டிருந்தோம். அப்பாவிடம் சொன்னேன். அவர் நோட்டை எடுத்து வந்து என் முன்னால் விரித்தார். “இதுல இருக்கிறவங்களுக்கு நாம திருப்பிச் செஞ்சிருக்கோம். நாம புதுசாச் செஞ்சவங்க இன்னும் நமக்குச் செய்ய வேண்டியிருக்கு. வேண்டாம்னு அச்சடிச்சுட்டா அவங்க என்ன பண்ணுவாங்க பாப்பா? கடனோடவே இருக்கச் சொல்றியா?” என்றார். அதற்குப் பிறகு அந்த வரியைப் பற்றி நாங்கள் பேசவில்லை.

அன்று ராத்திரி நோட்டை முதலிலிருந்து கடைசிவரை படித்தேன். ஐந்து ரூபாய், பதினொன்று, இருபத்தொன்று, ஐம்பத்தொன்று. நூற்றொன்று எழுதியவர்கள் நெருங்கிய சொந்தம். பணத்துக்குப் பதிலாக நெல் ஒரு மூட்டை, பித்தளைக் குடம் ஒன்று, வாழைத்தார் இரண்டு. சின்னமனூர், போடி, கம்பம், உசிலம்பட்டி என்று ஊர் முதலில், பெயர் பிறகு, தொகை கடைசியில். திருப்பிச் செய்தவற்றுக்கு நேரே அப்பா சிவப்பு மையில் டிக் அடித்து ஆண்டும் குறித்திருந்தார்.

அந்த டிக்குகளைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஒரு கணக்கு ஓடியது. 1991இல் பவுன் மூவாயிரம் ரூபாய்க்குக் கீழே இருந்தது. என் கல்யாணம் நடந்த 2025 ஜனவரியில் அது 60,000 ரூபாயைத் தாண்டியது. 1991இல் நூற்றொரு ரூபாய் எழுதியவர் அந்த 2025 ஜனவரித் தங்க விலையில் இரண்டாயிரத்துக்கு மேல் கொடுத்திருக்கிறார். இருபது வருஷம் கழித்து அவர் வீட்டு விசேஷத்துக்கு நாம் இருநூறு எழுதினால் நோட்டில் கணக்கு நேராகிவிடும், உண்மையில் நேராகாது. அப்பாவிடம் கேட்டேன். அவருக்கு இது தெரிந்திருந்தது. பழைய தொகையின் மேல் கொஞ்சம் சேர்ப்பது ஊர் வழக்கம், ஆனால் கொடுத்த அன்றைக்கு அவர் எந்த நிலையில் இருந்தார் என்பதை நினைத்துத்தான் தான் தொகையை முடிவு செய்வதாகச் சொன்னார். பதினொரு ரூபாய் எழுதிய ஒருவருடைய பேத்தி சடங்குக்கு அவர் ஐயாயிரம் எழுதியிருந்தார். ஏன் என்று கேட்டதற்கு, “அந்தப் பதினொண்ணு அவருக்கு ஒரு நாள் கூலி” என்றார்.

அப்பாவை அன்று எனக்கு மிகவும் பிடித்தது. ஆனால் அந்த நோட்டில் எனக்கு ஒரு குறையும் கண்ணில் பட்டது. பக்கம் பக்கமாகத் தேடியும் பெண் பெயர் ஏறக்குறைய இல்லை. சீர்த்தட்டு சுமந்து வந்தவர்கள் பெண்கள், ஆரத்தி எடுத்தவர்கள் பெண்கள், முந்தானையில் முடிந்து வைத்திருந்த பணத்தை அவிழ்த்துக் கொடுத்தவர்களும் பெண்கள். எழுதியிருப்பதோ அவர்கள் கணவர் பெயர். கணவரை இழந்தவர் என்றால் மகன் பெயர், அந்த மகனுக்கு அப்போது நாலு வயது என்றாலும்.

அம்மா அன்றைக்குச் சத்துணவு அமைப்பாளர். எம்.ஜி.ஆர். ஆட்சியில் 1982இல் தொடங்கிய அந்தத் திட்டத்தில் வேலைக்குச் சேர்ந்து, கல்யாணத்துக்குப் பிறகும் ஓய்வு பெறும்வரை வேலை பார்த்தவர். அவரோடு வேலை பார்த்த பெண்கள் சேர்ந்து பணம் போட்டு ஒரு பெரிய எவர்சில்வர் அண்டா வாங்கித் தந்திருக்கிறார்கள். நோட்டில் அது ‘சத்துணவு டீச்சர்கள், அண்டா 1’ என்று இருக்கிறது. அந்த அண்டாவில்தான் எங்கள் வீட்டில் இன்றும் பொங்கலுக்குத் தண்ணீர் பிடித்து வைப்பார்கள். “யாரும்மா இவங்கல்லாம்?” என்று கேட்டேன். அம்மா அடுப்படியிலிருந்தே ஒவ்வொரு பெயராகச் சொன்னார். யார் எந்தப் பள்ளிக்கூடம், யார் பஸ்ஸுக்குக் காசில்லாமல் நடந்து வந்தார், யார் தன் பங்கை மறு மாதச் சம்பளத்தில் கொடுத்தார் என்பதுவரை. முப்பத்து மூன்று வருஷமாக அப்பா பேனாவில் வைத்திருந்த கணக்கை அம்மா மனதில் வைத்திருந்திருக்கிறார். அதை யாரும் அவரிடம் கேட்டதில்லை. நான் எழுதிக்கொண்டேன். அவர்களில் இருப்பவர்களையெல்லாம் தேடிப் போய், தட்டில் வெற்றிலை பாக்கு மஞ்சள் குங்குமத்தோடு பத்திரிகை வைத்தோம். ஒருவர் பத்திரிகையைக் கையில் வாங்கியதும் அம்மாவைக் கட்டிக்கொண்டு, “எனக்குன்னு தனியா ஒருத்தரும் வச்சதில்லடி” என்றார். எல்லாப் பத்திரிகையும் அவர் மகன் பெயருக்கே வருமாம்.

பத்திரிகை அச்சடிப்பதிலும் இதே பிரச்சினைதான். என் பெரிய அத்தை, அப்பாவின் அக்கா, சின்ன வயதிலேயே கணவரை இழந்தவர். எங்களை வளர்த்ததில் பாதி அவர் கை. சிவகாசிக்கு அனுப்ப எழுதிய முதல் வரைவில் அழைப்பவர்கள் வரிசையில் அத்தை இல்லை, அத்தையின் மகன் இருந்தார். யாரும் வேண்டுமென்று விடவில்லை. பழைய பத்திரிகை ஒன்றைப் பார்த்து அதே வரிசையில் எழுதியிருந்தார்கள். ஒரு பெண்ணைச் சபையிலிருந்து விலக்குவதற்கு இங்கே யாரும் கெட்டவராக இருக்க வேண்டியதில்லை, போன தடவை எழுதியதைப் பார்த்து எழுதினாலே போதும். அத்தை பெயரை அப்பா பெயருக்கு முன்னால் போடச் சொன்னேன். மூத்தவர் அவர்தானே. முகூர்த்தத்தன்று தாலித் தட்டு சபையில் வலம் வந்தபோது அத்தையிடமும் கொண்டுபோகும்படி என் தம்பியிடம் முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தேன். அத்தை தயங்கினார். பக்கத்தில் இருந்த என் மாமியார் அத்தையின் கையைப் பிடித்துத் தாலியின் மேல் வைத்தார். எனக்கு அந்த மண்டபத்தில் வேறு எதுவும் நடக்காவிட்டாலும் பரவாயில்லை என்று இருந்தது.

என் கணவர் வீட்டில் இதெல்லாம் எளிதாக நடந்ததற்கு ஒரு பழைய காரணம் உண்டு. அவருடைய தாத்தா பாட்டி கல்யாணம் சுயமரியாதைக் கல்யாணம். 1967இல் அண்ணா முதலமைச்சரான பிறகு இந்து திருமணச் சட்டத்தில் திருத்தம் கொண்டுவந்து 7அ பிரிவைச் சேர்க்கும்வரை, ஐயரும் அக்கினியும் இல்லாத அந்தக் கல்யாணம் சட்டப்படி செல்லுமா என்ற கேள்வி அவர்கள் தலைக்கு மேல் இருந்துகொண்டே இருந்தது. திருத்தம் முன்பு நடந்த கல்யாணங்களுக்கும் பொருந்தும் என்று வந்த பிறகுதான் பாட்டிக்கு நிம்மதி. அதனால் அந்த வீட்டில் கல்யாணத் தாள்கள் எதையும் அலட்சியமாக வைப்பதில்லை. எங்கள் பெயர்களின் எழுத்து, ஆதாரிலும் பத்திரிகையிலும் ஒன்றுபோல இருக்கிறதா என்று மாமனார் சரிபார்த்தார். தமிழ்நாட்டில் 2009ஆம் ஆண்டுச் சட்டப்படி எந்த மதத்தவர் கல்யாணமானாலும் 90 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். விருந்து, மறுவீடு என்று அலைகிற அலைச்சலில் பலரும் இதைத் தள்ளிப்போட்டுவிட்டு, பாஸ்போர்ட்டுக்கோ விசாவுக்கோ போகும்போதுதான் ஓடுகிறார்கள். பதிவுக்குப் போகும்போது பத்திரிகையும் கையில் இருக்க வேண்டும். அத்தையின் பெயர் சார்பதிவாளர் அலுவலகம்வரை போய்விட்டதில் எனக்குச் சந்தோஷம்.

நகை விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் பக்கத்தில் இப்போது யாரும் இத்தனை பவுன் என்று வாய்விட்டுக் கேட்பதில்லை. ‘உங்க பொண்ணுக்கு நீங்க செய்யறதைச் செய்யுங்க’ என்பார்கள். அந்தப் பேச்சுக்குப் பின்னால் எத்தனை அப்பாக்கள் தூக்கமில்லாமல் கிடக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். என் மாமியார் அதைக்கூடச் சொல்லவில்லை, நகையைப் பற்றிப் பேசவே வேண்டாம் என்றார். அப்படியும் அம்மா நகைச்சீட்டு கட்டிச் சிறுகச் சிறுகச் சேர்த்து வைத்திருந்ததை எனக்குப் போட்டார். அதை வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அது யாருடையது என்பதை எழுதி வைக்க மட்டும் விரும்பினேன். 1961ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டத்தின் கீழ் 1985இல் வந்த விதிகள் இதைத்தான் சொல்கின்றன. பெண்ணுக்கு வந்த பரிசுகளின் பட்டியலைப் பெண்ணே வைத்திருக்க வேண்டும். என்ன பொருள், ஏறக்குறைய என்ன மதிப்பு, கொடுத்தது யார், என்ன உறவு என்று எழுதி, மணமக்கள் இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். மாப்பிள்ளைக்கு வந்தவற்றுக்கும் இதுபோலத் தனிப் பட்டியல். நாற்பது வருஷமாக இருக்கிற இந்த விதியை எங்கள் சொந்தத்தில் ஒருவரும் கேள்விப்பட்டதே இல்லை. பட்டியலை நாங்கள் எழுத உட்கார்ந்தபோது ஒரு பெரியப்பா, “கல்யாணத்தன்னைக்கே பாகப்பிரிவினையா?” என்று வருத்தப்பட்டார். மாமனார் அவரிடம், “எழுதி வைக்காததுனாலதான் எங்கம்மா பத்து வருஷம் பயந்துகிட்டு இருந்தாங்க” என்று மட்டும் சொன்னார். என் கணவர் முதல் கையெழுத்தைப் போட்டார்.

மொய் மேசைக்கு இப்போது நோட்டோடு கணினியும் வந்துவிட்டது. ஒருவர் பணத்தை எண்ண, ஒருவர் தட்டச்சு செய்ய, கொடுத்தவர் கையில் உடனே ரசீது. கடைசியில் ஊர் வாரியாக அடுக்கி அச்சடித்தும் தந்துவிடுகிறார்கள். எழுத வந்தவரிடம் ஒன்றே ஒன்று கேட்டுக்கொண்டேன். பெண்கள் கையால் கொடுத்தால், “யார் பேருக்கும்மா?” என்று அவர்களையே கேட்டு எழுதுங்கள் என்றேன். அவரும் பொறுமையாகக் கேட்டார். நிறையப் பேர், “அவர் பேருக்கே போடுங்க” என்றார்கள். அதில் அன்பும் இருக்கலாம், பழக்கமும் இருக்கலாம். அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். சிலர் கொஞ்சம் யோசித்துத் தங்கள் பெயரைச் சொன்னார்கள். அம்மாவோடு வேலை பார்த்தவர்கள் மட்டும் யோசிக்கவில்லை. ஒவ்வொருவரும் இனிஷியலோடு சொல்லி, ரசீதைப் படித்துப் பார்த்து வாங்கிக்கொண்டார்கள்.

அச்சடித்த அந்தப் பட்டியலில் பெண் பெயர்கள் இன்னும் குறைவுதான். 1991 நோட்டோடு ஒப்பிட்டால் அதிகம். திருப்பிச் செய்ய வேண்டிய பொறுப்பை நானும் தம்பியும் பிரித்துக்கொண்டிருக்கிறோம். கட்டிக்கொடுத்த பெண்ணுக்கு அதில் பங்கில்லை என்பது வழக்கம். சத்துணவு அம்மாக்கள் எழுதியதெல்லாம் என் பங்கு என்று அப்பாவிடம் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

ஆனி மாதம் போடியில் அவர்களில் ஒருவருடைய பேத்திக்குக் கல்யாணம். பத்திரிகை எனக்கே தனியாக வந்தது. ஆயிரத்தொன்றைக் கவரில் போட்டுக்கொண்டு அம்மாவையும் கூட்டிக்கொண்டு போனேன். எழுதுகிறவர் நிமிர்ந்து பார்க்காமல் ஊரைக் கேட்டார், பெயரைக் கேட்டார். அம்மாவின் பெயரைச் சொன்னேன். “வீட்டுக்காரர் பேரு?” என்றார். “இது அவங்க செய்யறது, அவங்க பேர் மட்டும் போதும்” என்றேன். அம்மா என் பின்னால் நின்றபடி, “இனிஷியல் என். எங்கப்பா பேர்ல இருந்து” என்றார்.