பாய் சுருட்டிய பழுப்பாசுரன்

ஸ்ரீமுஷ்ணம் பூவராகசாமி இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு, உடம்பு மேற்கே பார்க்க, முகத்தை மட்டும் தெற்கே திருப்பிக்கொண்டு நிற்கிறார். அதற்குத் தலபுராணம் ஒரு காரணம் சொல்லும். எனக்குத் தோன்றும் காரணம் வேறு. வடக்கே நெய்வேலி இருக்கிறது. அவருக்குப் பார்க்கச் சகிக்கவில்லை.

பூமியைப் பாயாகச் சுருட்டிக்கொண்டு ஓடி ஒளிந்தானே இரணியாட்சன், அவன் நாணயமான அசுரன். திருட வந்தவன் திருடன் மாதிரியே வந்தான். கையில் கதாயுதம் இருந்தது. 'பொது நோக்கம்' என்று தலைப்பிட்ட நோட்டீஸ் இல்லை. சுருட்டிய பூமிக்கு நஷ்டஈடு தருகிறேன் என்று தாசில்தாரை அனுப்பவில்லை. அதனால்தான் ஒரு பன்றி போய் அவனைக் கொன்றுவிட்டு பூமியை மீட்டுவர முடிந்தது. இப்போது அதே பன்றி வந்தால், நெய்வேலி நிலக்கரிக் கம்பெனியான என்எல்சிக்குச் சொந்தமான இடத்தில் அத்துமீறி நுழைந்ததாக எஃப்ஐஆர் போடுவார்கள்.

நம் காலத்து அசுரனுக்கு உடம்பெல்லாம் பழுப்பு நிலக்கரி. பழுப்பாசுரன் என்று வைத்துக்கொள்வோம். 1930-களில் நெய்வேலியில் ஜம்புலிங்க முதலியார் கிணறு தோண்டியபோது தண்ணீரோடு கறுப்பாக ஏதோ வந்ததே, அதுதான் அவன் கண் விழித்த நேரம். 1956-இல் கம்பெனியாகப் பதிவானான். 1957 மே 20-ஆம் தேதி நேருவே வந்து சுரங்கத்தைத் தொடங்கிவைத்தார். 1961-இல் முதல் நிலக்கரி தென்பட்டது. ஊர் ஊராக ஜனங்கள் வீட்டையும் காட்டையும் கொடுத்துவிட்டு ஒதுங்கினார்கள். நாட்டுக்கு வெளிச்சம் வரும் என்றார்கள், வந்தது. பலருக்கு வேலையும் வந்தது. அதை மறுத்தால் எழுதுகிற கை அழுகிப் போகும். வீட்டுக்குள் விளக்கேற்றியவனை யாராவது அசுரன் என்பார்களா? அவனைக் கும்பிட்டுத்தான் வளர்த்தோம்.

வளர்ந்தவனின் சாப்பாட்டைப் பாருங்கள். வாயிலே ஜெர்மன் தொழில்நுட்பத்து பக்கெட் வீல், வீடு உயரத்துக்குச் சுற்றுகிற பல்சக்கரம். ஒரு டன் கரிக்கு ஐந்து கனமீட்டருக்கும் மேலாக மண்ணை அள்ளி அந்தப் பக்கம் கொட்ட வேண்டும். கொட்டிய மண் மலையாக நிற்கிறது. கடலூர் மாவட்டத்தில் மலை இல்லையே என்ற குறையும் தீர்ந்தது. கரிக்கு அடியில் ஊற்று மேல்நோக்கி அழுத்திக்கொண்டே இருக்கும். அதை இறைக்காவிட்டால் சுரங்கத்தின் தரையே பொத்துக்கொள்ளும் என்பதால் ராப்பகலாக மோட்டார் ஓடுகிறது. சுற்றுவட்டாரத்து விவசாயி போர் குழாயை இறக்கிக்கொண்டே போகிறார். இறைத்த தண்ணீரில் கொஞ்சம் வாலாஜா ஏரிக்கு வரும். சென்னைக்காரர் குடத்துக்கும் போகும். கிணற்றைக் குடித்தவன் ஏரியில் வாய் கொப்பளிப்பதற்கு 'நீர்வளப் பங்களிப்பு' என்று பெயர்.

வராகமும் மண்ணைக் கிளறும் ஜீவன்தான். அதற்குப் பிடித்தது கோரைக்கிழங்கு. ஸ்ரீமுஷ்ணத்தில் பிரசாதமும் அதுவே. பன்றி கிளறிய இடத்தில் அடுத்த மழைக்குக் கோரை முளைக்கும். பழுப்பாசுரன் கிளறிய இடத்தில் எது முளைக்கும் என்று தெரிய வேண்டுமானால் சேத்தியாத்தோப்புப் பக்கம் வளையமாதேவிக்குப் போய்க் கேளுங்கள்.

2023 ஜூலை 26. சுரங்கத்துக்காகப் பரவனாற்றைத் திருப்பிவிடும் வாய்க்காலில் ஒன்றரை கிலோமீட்டர் பாக்கி. வயலில் நெல் நிற்கிறது. முப்பதுக்கும் மேற்பட்ட பொக்லைன்கள் இறங்கின. வரப்பில் பயிரைவிடக் காக்கி அடர்த்தியாக நின்றது. இரும்புக் கை தாழ்ந்து, பச்சையைச் சேற்றோடு வாரி, கரையாகக் குவித்தது. வேரில் மண் ஒட்டியபடி தலைகீழாகக் கிடந்த நெற்பயிரைத் தமிழ்நாடே தொலைக்காட்சியில் பார்த்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி தண்டபாணி அந்தக் காட்சியைப் பார்த்துக் கண் கலங்கியதாகச் சொன்னார். அறுவடைக்கு இரண்டு மாதம் பொறுக்க முடியாதா என்று கேட்டார்.

பதில் தயாராக இருந்தது. நிலம் 2006-க்கும் 2013-க்கும் இடையிலேயே எடுத்தாயிற்று, விவசாயிதான் அத்துமீறிப் பயிர் வைத்திருக்கிறார். அந்த ஏழு வருஷத்தில் கோட்டையில் முதலில் ஒரு கழகம் இருந்தது, பிறகு இன்னொரு கழகம் இருந்தது. அசுரனுக்கு இலை போடுவதில் மட்டும் இரண்டுக்கும் பேதமில்லை. 2013-இல் தமிழக அரசு நிறுவனங்களே என்எல்சி பங்குகளை வாங்கின. தனியார் கைக்குப் போகாமல் காப்பாற்றினோம் என்றார்கள். யாரை யாரிடமிருந்து காப்பாற்றினார்கள் என்று வளையமாதேவிக்காரருக்கு இன்றுவரை விளங்கவில்லை.

அதே 2023 மார்ச் கடைசியில் ஒன்றிய நிலக்கரி அமைச்சகம் சேத்தியாத்தோப்புக் கிழக்கையும் மைக்கேல்பட்டியையும் வடசேரியையும் புதுச் சுரங்கத்துக்கான ஏலப் பட்டியலில் போட்டது. சட்டசபையில் அன்றைய முதல்வர், தானும் டெல்டாக்காரன்தான் என்று முழங்கினார். பிரதமருக்குக் கடிதம் பறந்தது. சில நாளில் மூன்றும் பட்டியலிலிருந்து நீங்கின. கை தட்டினோம். ஜூலையில் பொக்லைனுக்குக் காவல் நின்றது அந்த டெல்டாக்காரரின் போலீஸ். வேளாண்மைக்கென்று தனி பட்ஜெட் போட்ட ஆட்சி அது, அன்றைய வேளாண் அமைச்சர் எம்.ஆர்.கே. பன்னீர்செல்வமோ இதே மாவட்டத்துக்காரர், அப்போது குறிஞ்சிப்பாடி எம்எல்ஏ. பட்ஜெட்டுக்கு நெல் வேண்டும், வாய்க்காலுக்கு வேண்டாம் போலிருக்கிறது.

ஜூலை 28-ஆம் தேதி நெய்வேலி ஆர்ச் கேட்டில் பாமக போராட்டம். கல் பறந்தது, தடியடி நடந்தது, அன்புமணி கைதானார். பரவாயில்லை, நமக்காகக் கத்த ஓர் ஆள் இருக்கிறார் என்று விவசாயி நினைத்தார். மறு வருஷம் நாடாளுமன்றத் தேர்தலில் பாமக கூட்டணி வைத்தது, அந்த நிலக்கரி அமைச்சகத்தைக் கையில் வைத்திருந்த பாஜகவோடு. ஆக, அசுரனுக்கு எதிரே கொடி பிடித்தவர் அசுரனின் எஜமானோடு பந்தியில் உட்கார்ந்தார்.

இன்னொன்று. அவன் வெளியாளை மட்டும் தின்கிறவன் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. 2020 ஜூலை 1-ஆம் தேதி இரண்டாம் அனல்மின் நிலையத்தில் கொதிகலன் வெடித்தது. அவனுக்கு வேலை செய்தவர்களே அதில் வெந்து மாண்டார்கள். அதே வருஷம் மே மாதம்தான் அங்கே இன்னொரு கொதிகலனும் வெடித்திருந்தது. இரண்டு மாத இடைவெளியில் இரண்டு படையல்.

கடைசியில், வளையமாதேவியில் அழிந்த பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் கொடுக்கச் சொன்னது நீதிமன்றம். பயிருக்கு விலை வந்துவிட்டது, சரி. எடுத்த நிலத்தைப் பத்து, பதினைந்து வருஷம் சும்மா போட்டு வைத்திருந்தவர்களுக்கு, நெல் முற்றுவதற்குத் தேவைப்பட்ட அந்த இரண்டு மாதம் மட்டும் ஏன் இல்லாமல் போனது? கம்பெனியும் கோட்டையும் டெல்லியும் இதற்கு மட்டும் பதில் சொல்லட்டும்.