கணக்கில் வராத ஆட்டக்காரர்

கணக்கு எழுதுவதில் வெள்ளைக்காரத் துரைமாரை யாரும் மிஞ்ச முடியாது. 1868 கோடையில் இங்கிலாந்து முழுக்கச் சுற்றி ஆடிய ஒரு கறுப்பு மனிதர் எத்தனை ஓவர் போட்டார் என்று கேளுங்கள். 1,877 என்று பதில் வரும். அதில் ரன்னே கொடுக்காத ஓவர் 831. எடுத்த விக்கெட் 245, அடித்த ரன் 1,698. எல்லாம் பத்திரமாக இருக்கிறது. பிறந்த தேதியைத்தான் எவரும் குறித்து வைக்கவில்லை. 1841 வாக்கில் பிறந்திருப்பார் என்று வைத்துக்கொள்ள வேண்டும்.

பெயர் உனாரிமின். ஆஸ்திரேலியாவில் விக்டோரியாவின் மேற்குக் கோடியில், ஹாரோ என்ற ஊர்ப்பக்கம், ஜார்ட்வாட்ஜாலி மக்களின் மண்ணில் பிறந்தவர். அந்த மண்ணை வளைத்து ஆட்டுப் பண்ணை போட்டார்கள். பண்ணைக்கு முல்லாக் என்று பெயர். பிறகு அந்தப் பெயரையே அவர் தலையிலும் கட்டி, ஜானி முல்லாக் ஆக்கிவிட்டார்கள். கூட ஆடியவர்களுக்கு வாய்த்த பெயர்கள்: கொசு, புலி, ரெண்டு பென்னி, சிவப்புத் தொப்பி, அஸ்தமனம். மாட்டுத் தொழுவத்தில்கூடக் கொஞ்சம் யோசித்துத்தான் பெயர் வைப்பார்கள்.

இங்கிலாந்துக்கு விளையாடப் போன முதல் ஆஸ்திரேலியக் கிரிக்கெட் அணி, பழங்குடி ஆட்டக்காரர்களின் இந்த அணிதான். வெள்ளையர் அணி போனது அதற்குப் பத்து வருஷம் கழித்து. ஜூன் மாதம் லார்ட்ஸ் மைதானத்தில், பிரபுக்கள் இடம்பெற்ற எம்.சி.சி. அணிக்கு எதிராக முல்லாக் 75 அடித்தார். நல்ல ஆட்டம்தான். ஆனால் டிக்கெட் வாங்கிய சீமான்களுக்கு அது மட்டும் போதுமா? ஆட்டம் முடிந்ததும் இதே ஆட்டக்காரர்கள் ஈட்டி எறிய வேண்டும், பூமராங் வீச வேண்டும், பின்பக்கமாக ஓடிக் காட்ட வேண்டும். டிக்-எ-டிக் என்பவர் ஒரு சின்னக் கேடயமும் தடியுமாக நிற்பார். கனவான்கள் கிட்டத்தில் நின்று அவர் உடம்பைக் குறிபார்த்துக் கிரிக்கெட் பந்தை விட்டெறிவார்கள். அவர் தடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். நாகரிகம் தெரியாதவர்களுக்கு நாகரிகம் கற்றுக்கொடுத்த லட்சணம் இது. அந்தத் தடி இன்று லார்ட்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பந்தை எறிந்த கைகளை அங்கே காட்சிக்கு வைக்கவில்லை.

அதே ஜூன் மாதம் கிங் கோல் என்று அழைக்கப்பட்ட ஆட்டக்காரர் லண்டன் ஆஸ்பத்திரியில் நெஞ்சு நோயால் செத்துப்போனார். அவரை அங்கேயே புதைத்துவிட்டு மற்றவர்கள் அடுத்த ஊருக்கு ஆடப் போனார்கள். மொத்தம் 47 ஆட்டம். 14 வெற்றி, 14 தோல்வி, மீதி டிரா. முல்லாக் ஆடாதது இரண்டே இரண்டு ஆட்டம்.

ஊர் திரும்பியவர்களுக்கு ஒரு பரிசு காத்திருந்தது. 1869இல் விக்டோரியா அரசு பழங்குடியினர் பாதுகாப்புச் சட்டம் கொண்டுவந்தது. எங்கே குடியிருப்பது, யாரிடம் வேலை செய்வது, கூலி யார் கைக்குப் போவது, பெற்ற பிள்ளை யாரிடம் வளர்வது என்பதையெல்லாம் சர்க்கார் தீர்மானிக்கலாம். பாதுகாப்பு என்றால் அப்படி ஒரு பாதுகாப்பு! அடுத்த பழங்குடி அணி இங்கிலாந்துக்குப் போனது 1988இல். 120 வருஷம் பூட்டி வைத்துப் பாதுகாத்திருக்கிறார்கள்.

முல்லாக் அசராமல் ஆடினார். பக்கத்து ஊருக்கு ஆடப் போன இடத்தில், இந்தக் கறுப்பனுக்குச் சாப்பாடு எங்கே போடுவது என்று பேச்சு வந்ததாம். இவனுக்கு எதுவும் போதும் என்றானாம் எதிரணித் தலைவன். படுக்கக் குதிரைக் கொட்டடிக்குப் பக்கத்து அறையைக் காட்டினார்களாம். அவர் அந்த அறைக்குள் காலடி வைக்கவில்லை. வெட்டவெளியில் படுத்துக்கொண்டார். பகலில் அவர் அடித்த பந்தைத் துரத்திப் பொறுக்க வெட்கப்படாதவர்களுக்கு, ராத்திரி அவரோடு ஒரே மேஜையில் உட்காருவது மட்டும் கௌரவக் குறைச்சல். இந்த நியாயம் நமக்கொன்றும் புதிதல்ல. இரட்டைக் குவளை வைத்த ஊர்க்காரர்கள்தானே நாம்.

விக்டோரியா அணிக்கு அவரை அழைத்தது ஒரே ஒரு தடவை. 1879இல் ஹாரிஸ் பிரபுவின் இங்கிலாந்து அணிக்கு எதிராக, இரண்டாவது இன்னிங்ஸில் எல்லாரையும்விட அதிகமாக 36 ரன் எடுத்தார். பார்க்க வந்த ஜனங்கள் கைக்காசு போட்டு 50 பவுண்டு திரட்டினார்கள். தேர்வாளர்களோ மறுபடி கூப்பிடவே இல்லை. ஆட்டுக்கு ரோமம் கத்தரித்தும் முயல் பிடித்தும் பிழைத்து, 1891இல் இறந்தார். குழிக்குள் மட்டையும் ஸ்டம்பும் வைத்தார்கள்.

1901இல் ஆஸ்திரேலியா ஒரே நாடாகி அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்தபோது அதில் 127ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. மக்கள்தொகையைக் கணக்கிடும்போது பழங்குடிகளைச் சேர்க்கக் கூடாது. 831 மெய்டன் ஓவரையும் ஒன்று விடாமல் எண்ணிய பரம்பரைக்கு, அதை வீசியவரின் இனத்தை எண்ணக் கை வரவில்லை. அந்தப் பிரிவை நீக்க 1967 வரை ஆனது.

2020இல் ஞானோதயம் பிறந்தது. முல்லாக்குக்கு ஆஸ்திரேலியக் கிரிக்கெட் புகழ் மண்டபத்தில் இடம் கொடுத்தார்கள். மெல்போர்ன் பாக்சிங் டே டெஸ்டில் சிறந்த ஆட்டக்காரருக்கு முல்லாக் பதக்கம் என்றார்கள். முதலில் வாங்கியவர் நம் ரஹானே. மறுவருஷம் வாங்கியவர் ஸ்காட் போலண்ட், பழங்குடி வம்சத்தவர். முதல் டெஸ்டிலேயே 7 ரன்னுக்கு 6 விக்கெட்! மைதானம் ஆர்ப்பரித்தது. 1877இல் டெஸ்ட் ஆடத் தொடங்கிய நாட்டில், அந்த வம்சத்திலிருந்து ஆண்கள் அணிக்கு வந்தவர்களில் அவர் இரண்டாமவர். முதலாமவர் கில்லெஸ்பி 1996இல் வந்தார். மற்றவர்கள் எங்கே என்று கேட்கத்தான் யாருக்கும் நேரம் இல்லை. ஆட்டம் மூன்றாம் நாள் காலையிலேயே முடிந்துவிட்டது.