தன் பெயரில் தோன்றுதல்

நடிகர் ஒருவர் வேஷம் எதுவும் போடாமல் தன் பெயரிலேயே வந்து நிற்பதை நடிப்பில் சேர்க்கலாமா? 1975இல் 'சினிமா பைத்தியம்' படத்தில் ஜெய்சங்கர் ஜெய்சங்கராகவே வந்தார். 1984இல் 'அன்புள்ள ரஜினிகாந்த்' படத்தில் ரஜினி அப்படி வந்தார். சினிமாவில் எப்போதாவது நடந்த இந்தக் காரியம் தொலைக்காட்சியில் அன்றாடமாகிவிட்டது. பண்டிகை நாள் பேட்டி, நடுவர் நாற்காலி, 2017இல் தமிழுக்கு வந்த 'பிக் பாஸ்' வீடு என எங்கும் அவரவர் அவரவராகவே வருகிறார்கள்.

சேர்க்கலாம் என்பதே என் முடிவு. அதற்கு விழுப்புரத்தில் சான்று உண்டு. 1928 அக்டோபர் 1 அன்று அங்கே பிறந்தவர் வி.சி. கணேசன், அந்த 'வி' விழுப்புரம், 'சி' அப்பா சின்னையா. அண்ணா எழுதிய 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' நாடகத்தில் சிவாஜியாக அவர் நடித்ததைக் கண்ட பெரியார் அந்த வேஷத்தின் பெயரையே அவருக்குச் சூட்டினார். அதற்குப் பிறகு எந்த மேடையில் தானாக வந்து நின்றாலும் அவர் அந்த வேஷத்தின் பெயரோடுதான் நின்றார்.

வேஷத்தின் பெயரே ஆளின் பெயராகி நிற்பதைத் தெருக்கூத்து எப்போதோ அறிந்திருக்கிறது. திண்டிவனத்துக்கு மேற்கே செஞ்சிப் பக்கம் போனால் திரௌபதி அம்மன் கோயில்கள் நிறைய. கோடையில் அங்கே பகலில் பாரதப் பிரசங்கமும் இரவில் கூத்தும் நடக்கும். இருட்டும் நேரத்தில் வேஷம் கட்டும் இடத்துக்குப் போய்ப் பாருங்கள். கையில் சின்னக் கண்ணாடியோடு உட்கார்ந்து தன் முகத்தில் தானே அரிதாரம் பூசுவார் கூத்தர். பிறகு புஜக்கட்டை, மார்புப் பதக்கம், கிரீடம் ஏறும். இரண்டு பேர் பிடித்த திரைக்குப் பின்னால் சலங்கை ஒலிக்கும், கிரீடத்தின் நுனி மட்டும் மேலே ஆடும். யாரென்று கட்டியக்காரன் கேட்க, வந்திருப்பது துரியோதன மகாராஜன் என்று பதில் வரும். விடியும்வரை ஆடுகிறவரின் சொந்தப் பெயரை அங்கே யாரும் கேட்பதில்லை. கேட்கவும் வேண்டாம், ஊருக்கே அவரைத் தெரியும்.

தொலைக்காட்சியில் அப்படியில்லை. விடிய விடிய ஆடுகிற கூத்து அங்கே பொங்கல் நிகழ்ச்சிகளுக்கு நடுவே சில நிமிடத் துண்டாகிவிடுகிறது. கீழே வரும் எழுத்தில் பெரும்பாலும் 'கிராமியக் கலைஞர்கள்' என்று மட்டும் இருக்கும். பக்கத்திலேயே சினிமாக்காரர் தன் பெயரில் அமர்ந்து அரை மணி நேரம் பேசுகிறார். ஊர் தெரிந்த கூத்தர் இங்கே பெயரில்லாமல் ஆடிவிட்டு இறங்குகிறார். இது எனக்குப் பொறுக்கவில்லை.

ஒரு கூத்தரை அரிதாரம் பூசுவதற்கு முன்னால் கேமரா முன் உட்கார வையுங்கள். பெயர், ஊர், வாத்தியார், முதலில் கட்டிய வேஷம், எல்லாவற்றையும் அவர் வாயாலேயே கேளுங்கள். முகவீணைக்காரரையும் மிருதங்கக்காரரையும் பெயர் சொல்லிக் காட்டுங்கள். அதற்குப் பிறகு திரையைப் பிடிக்கச் சொல்லலாம்.