காலையில் பானம், மாலையில் குற்றம்

தகடூரை ஆண்ட அதியமானின் முன்னோர்கள்தான் இந்தப் பக்கத்துக்குக் கரும்பைக் கொண்டுவந்தார்கள் என்று ஔவையார் புறநானூற்றில் சாட்சி சொல்லியிருக்கிறார். எந்தத் தேசத்திலிருந்து, எந்த வழியாக, யாருக்கு எவ்வளவு சுங்கம் கட்டி என்றெல்லாம் அவர் விசாரிக்கவில்லை. வள்ளல் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டே பில்லைக் காட்டு என்று கேட்பது மரியாதையும் இல்லை. பாப்பிரெட்டிப்பட்டிக்காரர்களுக்கு இதில் ஒரே ஒரு குறைதான். வந்ததே வந்தார்கள், கையோடு ரெண்டு திராட்சைக் கொடியையும் கிள்ளிக்கொண்டு வந்திருக்கலாம். வாணியாற்றுத் தண்ணீரில் பந்தல் போட்டு, மஞ்சவாடிக் கணவாய் வழியாக டேங்கர் லாரியில் சாறு அனுப்பி, உலகச் சந்தையில் ஸ்பெயின்காரனுக்கும் அர்ஜென்டினாக்காரனுக்கும் தூக்கம் வராமல் செய்திருப்போம். இப்போது கோபாலபுரம் சர்க்கரை ஆலை வாசலில் கரும்பு வண்டியோடு நின்று, சர்க்கரைக் கட்டுமானம் இந்த வருஷம் எவ்வளவு என்று கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

அந்த உலகச் சந்தையில் விற்பனையாகும் சரக்குக்கு மஸ்ட் என்று பெயர். வேறொன்றுமில்லை, திராட்சையை மிதித்தோ நசுக்கியோ எடுக்கும் பச்சைச் சாறு. தோலும் விதையும் கூடவே மிதந்தாலும் அது மஸ்ட்தான். குடித்தால் இனிக்கும். காய்ச்சினால் பாகாகும். சும்மா விட்டால் ஒயினாகும். இந்த மூன்றாவது வழிக்கு மட்டும் யாரும் எதுவும் செய்ய வேண்டாம். தோலிலும் தொட்டியிலும் ஒட்டிக்கொண்டிருக்கும் ஈஸ்ட் தானாக வேலையில் இறங்கிவிடும். ஆள் வைக்காமல், கூலி கொடுக்காமல், ராத்திரி பகல் பார்க்காமல் நடக்கிற தொழில். அதனால்தான் எல்லா அரசாங்கங்களுக்கும் இதன்மேல் ஒரு கண்.

பனையேறிக்கு இதை யாரும் வகுப்பெடுக்க வேண்டியதில்லை. கலயத்தில் சுண்ணாம்பு தடவினால் விடியற்காலையில் பதநீர். தடவாவிட்டால் கள். மரமும் ஆளும் கலயமும் அதேதான். நடுவில் இருப்பது ஒரு விரல் சுண்ணாம்பும் சில மணி நேரமும். இந்தச் சில மணி நேரத்தின் மேல்தான் இரண்டாயிரம் வருஷமாக மந்திரிகள், பாதிரிகள், வக்கீல்கள், வியாபாரிகள் எல்லாரும் வீடு கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

சங்க காலத்துத் தமிழன் சாறு பிழியும் கஷ்டமே படவில்லை. முடிந்த சரக்கை நேராக இறக்குமதி செய்தான். பாண்டியன் நன்மாறனைப் பாடிய நக்கீரர், யவனர் நல்ல கலத்தில் கொண்டுவந்த மணமுள்ள மதுவைப் பொற்கிண்ணத்தில் ஊற்றிக் குடித்து நன்றாக இரு என்று வாழ்த்தியிருக்கிறார். இன்றைக்கு ஒரு கவிஞர் ஆட்சியாளரை மேடையில் இப்படி வாழ்த்தினால் மறுநாள் பேப்பரில் என்ன வரும் என்று யோசித்துப் பாருங்கள். பாடல் பொய்யில்லை என்பதற்குச் சாட்சியாக 1945-ல் அரிக்கமேட்டில் மார்ட்டிமர் வீலர் மண்ணைத் தோண்டியபோது அந்த ஜாடிகளின் உடைசல்கள் கிடைத்தன. நாம் மிளகு கொடுத்தோம், அவர்கள் பொன்னும் ஒயினும் கொடுத்தார்கள். அங்கே ரோமில் பிளினி உட்கார்ந்து, வருஷத்துக்கு 5 கோடி செஸ்டர்ஸ் இந்தியாவுக்குப் போகிறதே என்று புலம்பி எழுதிக்கொண்டிருந்தார். குடித்துவிட்டு ஜாடியையும் உடைத்துப் போட்டவன் நம் ஆள்.

ரோமானியர்கள் ஒயினாக்காமல் மிச்சம் வைத்த சாற்றைப் பாதியாகவும் மூன்றில் ஒன்றாகவும் சுண்டக் காய்ச்சி வைத்துக்கொண்டார்கள். சமையலுக்கு அதுதான் சர்க்கரை, பழத்தைப் பதப்படுத்தவும் அதுதான். காய்ச்ச ஈயப் பாத்திரமே நல்லது என்று கொலுமெல்லா என்ற விவசாய நூலாசிரியர் சிபாரிசு செய்திருக்கிறார். வெண்கலத்தில் களிம்பு ஏறுமாம். சாற்றின் புளிப்பு ஈயத்தோடு சேர்ந்தால் அதுவும் இனிக்கும். ஈயம் தன் பங்குக்கு இனித்துக்கொண்டே ஆளை முடிக்கும். ரோமப் பேரரசு விழுந்ததே இந்த ஈயத்தால்தான் என்று ஒரு கட்சி இன்றும் இருக்கிறது. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. நம் ஊர்க் கொப்பரை இரும்பு. இருந்தும் அதியமான் பெருஞ்சேரல் இரும்பொறையிடம் தகடூரை இழக்கத்தான் செய்தார்.

பிறகு பல நூற்றாண்டுகளுக்குச் சாறு காய்வதும் புளிப்பதுமாக நிம்மதியாக இருந்தது. கெடுத்தது பிரான்ஸ். சாற்றில் இனிப்பு போதவில்லையா, சர்க்கரையைக் கொட்டு, ஒயின் உறைப்பாக வரும் என்று 1801-ல் சாப்டால் என்ற வேதியியலாளர் எழுதினார். அந்த வருஷமே நெப்போலியனின் உள்துறை மந்திரியும் ஆனார். அதன்பிறகு திராட்சைக்கும் ஒயினுக்கும் உள்ள உறவு கொஞ்சம் சந்தேகத்துக்குரியதாகிவிட்டது. நூறு வருஷத்தில் தெற்குப் பிரான்ஸ் முழுக்கச் சர்க்கரைத் தண்ணீர் ஒயினும் அல்ஜீரியச் சரக்கும் வந்து குவிந்து, விலை பாதாளத்துக்குப் போயிற்று. 1907-ல் விவசாயிகள் கிளம்பினார்கள். தலைவர் மார்சலின் ஆல்பெர் என்ற சிற்றூர்க்காரர். கொஞ்சம் திராட்சைத் தோட்டம், கொஞ்சம் காபிக்கடை. ஜூன் 9 அன்று மோன்பெலியே நகரத்தில் 5 லட்சத்துக்கு மேல் கூட்டம். பட்டாளத்தில் ஒரு ரெஜிமென்டே கலகம் செய்தது.

இவ்வளவு பெரிய மனுஷர் தனியாகப் பாரிசுக்குப் போய்ப் பிரதமர் கிளெமான்சோவைப் பார்த்தார். கிளெமான்சோ பழம் தின்று கொட்டை போட்டவர். பேசி முடித்ததும், ஊருக்குப் போக ரயில் செலவுக்கு வைத்துக்கொள் என்று 100 பிராங்க் நோட்டை நீட்டினார். ஆல்பெர் வாங்கிக்கொண்டார். விஷயத்தைப் பிரதமரே பத்திரிகைக்காரர்களிடம் சொல்லிவிட்டார். கரும்பு நிலுவைத் தொகைக்காகப் போராடும் சங்கத் தலைவர் சென்னைக்குப் போய், முதல்வரிடம் பஸ் டிக்கெட்டுக்குப் பணம் வாங்கிக்கொண்டு அரூரில் வந்து இறங்கினால் என்ன நடக்குமோ, அதுதான் நடந்தது. தலைவர் காலி. ஆனால் ஜூன் 29-ல் சர்க்கரைக் கலப்படத்துக்கு எதிரான சட்டம் மட்டும் வந்துவிட்டது.

இதற்கிடையில் அமெரிக்காவில் வெல்ச் என்ற பல் டாக்டருக்கு வேறொரு கவலை. தேவாலயத்தில் நற்கருணைக்குப் போதையில்லாத திராட்சை ரசம் வேண்டும். 1869-ல் சாற்றைப் புட்டியில் அடைத்துக் கொதிநீரில் வைத்து ஈஸ்டைக் கொன்றார். பெயர், டாக்டர் வெல்ச்சின் புளிக்காத ஒயின். பாட்டில் திராட்சைச் சாறு வியாபாரம் பக்தியில்தான் பிறந்தது. லாபம் பிறகு வந்து சேர்ந்துகொண்டது.

அந்த நாடு 1920 ஜனவரி 17 முதல் மதுவை ஒரேயடியாக விலக்கியது. திராட்சைத் தோட்டக்காரர்கள் தலையில் துண்டு விழுந்தது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். சட்டத்தின் 29-வது பிரிவை யாரும் சரியாகப் படிக்கவில்லை. வீட்டு உபயோகத்துக்குப் போதையில்லாத பழச்சாறு செய்துகொள்ளலாம் என்று அதில் ஒரு சந்து இருந்தது. ஒரு குடும்பத்துக்கு வருஷத்துக்கு 200 காலன் என்று அதிகாரிகள் கணக்கு வைத்துக்கொண்டார்கள். சுமார் 757 லிட்டர். தினம் இரண்டு லிட்டருக்கு மேல் திராட்சைச் சாறு குடிக்கும் குடும்பம் என்றால் ஆரோக்கியமான குடும்பம்தான். கலிபோர்னியாவில் திராட்சைப் பரப்பு குறையவில்லை, ஏறியது. நல்ல சாதிக் கொடிகளைப் பிடுங்கிவிட்டு, தோல் தடித்த அலிகாந்தே பூஷே வகையை நட்டார்கள். சுவை சுமார்தான், ஆனால் நியூயார்க் வரை ரயிலில் நசுங்காமல் போகும்.

நசுங்கும் கவலையே வேண்டாம் என்று அடுத்துச் செறிவாக்கிய சாறு வந்தது. சிலர் அதைச் செங்கல் மாதிரி கட்டியாக்கி விற்றார்கள். அதோடு கொடுத்த எச்சரிக்கைதான் விளம்பரக் கலையின் உச்சம் என்பார்கள்: இதைத் தண்ணீரில் கரைத்து இத்தனை நாள் அலமாரியில் வைத்துவிடாதீர்கள், ஒயினாகிவிடும். வைன்-குளோ என்ற சாறு இன்னும் ஒரு படி மேல். கம்பெனி ஆளே வீட்டுக்கு வந்து பீப்பாயை இறக்கி, புளிக்க வைத்து, பாட்டிலில் அடைப்பதுவரை பார்த்துக்கொள்வார். அந்தக் கம்பெனிக்குக் கடன் கொடுத்தது அரசாங்கத்தின் விவசாய வாரியம். வக்கீலாக இருந்தவர் மேபல் வாக்கர் வில்லபிராண்ட். 1929 வரை துணை அட்டர்னி ஜெனரல் பதவியில் இருந்து மதுவிலக்குக் குற்றவாளிகளைத் துரத்தித் துரத்திப் பிடித்த அதே அம்மையார்! சந்து எங்கே என்று பூட்டுப் போட்டவருக்குத்தானே தெரியும். 1931-ல் கோர்ட்டு இந்த மாதிரி வியாபாரத்துக்குக் கடிவாளம் போட, வைன்-குளோ கடையைக் கட்டியது. 1933 டிசம்பரில் மதுவிலக்கே கடையைக் கட்டியது.

இந்தக் கூத்தெல்லாம் எங்கோ நடந்தது என்று பாப்பிரெட்டிப்பட்டி இருந்திருக்க முடியாது. அது அப்போது சேலம் ஜில்லா. தருமபுரி தனி மாவட்டமானது 1965 அக்டோபர் 2-ல்தான், அதுவும் காந்தி பிறந்த நாளாகப் பார்த்து. ராஜாஜி 1937-ல் சென்னை மாகாணப் பிரதமரானதும் மதுவிலக்கை முதலில் பரீட்சித்துப் பார்க்கத் தேர்ந்தெடுத்த இடம் சேலம் ஜில்லா. பக்கத்து ஜில்லாக்காரன் எல்லாம் குடித்துக்கொண்டிருக்க, அந்த அக்டோபர் 1 முதல் நாம் மட்டும் உத்தமர்கள். அவர் ஓசூர்ப் பக்கத்துத் தொரப்பள்ளிக்காரர், சேலத்தில் வக்கீலாக இருந்தவர், திருச்செங்கோட்டு ஆசிரமத்தில் இருந்துகொண்டு கல்கியைத் துணைக்கு வைத்து மதுவிலக்குக்கென்றே ‘விமோசனம்’ என்று பத்திரிகை நடத்தியவர். சொந்த ஜில்லாவுக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்று எல்லா அரசியல்வாதிக்கும் இருக்கும். இவர் செய்தது இது.

அமெரிக்காவின் 29-வது பிரிவு இங்கே சுண்ணாம்பு ரூபத்தில் வந்தது. பதநீர் இறக்கி வெல்லம் காய்ச்சலாம், கள் கூடாது. ஆக ஒரு போலீஸ்காரர் பனையடியில் நின்று, மேலே இருக்கும் கலயத்தில் இருப்பது இன்னும் பானமா, இல்லை குற்றமாகிவிட்டதா என்று முடிவு செய்ய வேண்டும். எப்படிச் செய்வார்? முகர்ந்து பார்க்கலாம். நாக்கில் வைத்துப் பார்க்கலாம். சந்தேகம் தீராவிட்டால் இன்னொரு முறை பார்க்கலாம். சட்டத்தைக் காப்பாற்றுவதில் அந்தக் காலத்துக் காவலர்கள் எவ்வளவு தூரம் போயிருப்பார்கள் என்பது அவரவர் கற்பனைக்கு.

கள்ளுக்கடை மூடினால் கஜானா காயும். ராஜாஜி கணக்கில் புலி. 1939-ல் பொது விற்பனை வரி என்று ஒன்றைக் கொண்டுவந்தார்; இந்தியாவிலேயே அதுதான் முதல். கள் குடித்தவன் மட்டும் கட்டிக்கொண்டிருந்த காசை, உப்பு புளி வாங்குகிறவனும் சேர்ந்து கட்டும்படி ஆயிற்று. அந்த வருஷ அக்டோபரிலேயே காங்கிரஸ் மந்திரிசபை ராஜினாமா செய்தது. போர்க்காலத்தில் கவர்னர் ஆட்சி மதுவிலக்கை நிறுத்தியது. விற்பனை வரியை நிறுத்தவில்லை.

தமிழ்நாட்டில் திராட்சையே இல்லையா என்று கேட்டால், கம்பம் பள்ளத்தாக்கில் பன்னீர்த் திராட்சை இருக்கிறது. 2023-ல் புவிசார் குறியீடும் வாங்கிவிட்டது. 1832-ல் பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர் கொண்டுவந்தது என்பது ஊர்க்கதை. அந்த மஸ்கட் ஹாம்பர்க் ரகத்தை 1850 வாக்கில்தான் இங்கிலாந்தில் ஒரு கண்ணாடிக் கூடாரத்தில் உருவாக்கினார்கள் என்பது தோட்டக்கலைக்காரர்கள் கதை. பாதிரியார் விசுவாசத்தில் முந்திக்கொண்டார் போலிருக்கிறது. எப்படியும் அது கூடையில் போய்ப் பழமாகவே விற்றுவிடுகிறது. மஸ்ட் தொழிலுக்கு வேண்டியது திராட்சை அல்ல, மிஞ்சிப்போன திராட்சை.

அர்ஜென்டினாவுக்கு இது தெரியும். மெண்டோசா, சான் ஹுவான் என்ற இரண்டு மாகாணங்களும் 1994-ல் ஓர் ஒப்பந்தம் போட்டன: விளைச்சலில் இத்தனை பங்கை ஒயினாக்காமல் மஸ்டாக்கியே தீர வேண்டும், இல்லாவிட்டால் ஒயின் விலை விழும். அரசே உத்தரவு போட்டுச் சாறு காய்ச்சியதில் அந்த நாடு செறிவுச் சாறு ஏற்றுமதியில் உலகின் முன்வரிசைக்கு வந்துவிட்டது. ஐரோப்பா செறிவுச் சாற்றுக்கு மானியமே கொடுத்துக்கொண்டிருந்தது. 2008 சீர்திருத்தத்தில் அதற்கு முடிவு கட்டினார்கள். சர்க்கரை சேர்க்கவில்லை என்று மார்தட்டும் பிஸ்கட், ஜாம் பொட்டலத்தைத் திருப்பிச் சிறிய எழுத்தைப் படித்தால் பல சமயம் இந்தத் திராட்சைப் பாகு உட்கார்ந்திருக்கும். கிருஷ்ணகிரியில் பெங்களூரா மாம்பழம் மிஞ்சிக் கூழாலைக்குப் போவதும் இதே வித்தைதான். என்ன, அங்கே மாகாணங்கள் ஒப்பந்தம் போட்டன. இங்கே விலை கேட்டு விவசாயி கலெக்டர் ஆபீசுக்கு நடக்கிறார்.

2024-ல் உலகம் குடித்த ஒயின் சுமார் 2,140 கோடி லிட்டர். 1961-க்குப் பிறகு அதுவரை இவ்வளவு குறைவாகக் குடித்ததில்லை என்றது சர்வதேசத் திராட்சை ஒயின் அமைப்பு. ஈஸ்டுக்குக் கெட்ட காலம், பாகு காய்ச்சுகிறவனுக்கு நல்ல காலம் என்று வைத்துக்கொள்ளலாம். பிரிட்டிஷ் ஒயின் என்று லேபிள் ஒட்டி விற்கும் சரக்கு, வெளிநாட்டுச் செறிவுச் சாற்றில் இங்கிலாந்துத் தண்ணீரை ஊற்றிச் செய்தது. ஜப்பானும் இதே வழியில் உள்நாட்டு ஒயின் தயாரித்துக்கொண்டிருந்தது; 2018 அக்டோபரில்தான், ஜப்பான் ஒயின் என்று போட வேண்டுமானால் திராட்சையும் ஜப்பானில் விளைந்திருக்க வேண்டும் என்ற புரட்சிகரமான விதி அமலுக்கு வந்தது.

உலகச் சுங்கப் பட்டியல் இந்தச் சாற்றை இரண்டு அத்தியாயங்களில் எழுதி வைத்திருக்கிறது. ஆல்கஹால் அரை சதவீதம் வரை 20-வது அத்தியாயம், பழச்சாறு. அதைத் தாண்டினால் 22, ஒயின் குடும்பம். 68 பிரிக்ஸ் சர்க்கரைச் செறிவு வரை சுண்டவைத்த பாகில் ஈஸ்டால் மூச்சுவிட முடியாது. சென்னைத் துறைமுகத்து மே மாத வெயிலிலும் பீப்பாய் சாதுவாக நிற்கும். பழச்சாறு என்று எழுதி, சுங்கமும் ஜிஎஸ்டியும் கட்டி வெளியே வரும். ஓர் ஒயின் ஆலை அதை வாங்கித் தண்ணீரும் ஈஸ்டும் ஊற்றினால், குடிக்கும் மது ஜிஎஸ்டியில் சேராது என்று அரசியல் சாசனமே சொல்லியிருப்பதால், அதே சாறு மாநிலக் கலால் கட்டி இன்னொரு தடவை வெளியே வரும்.