வாசலுக்கு வந்த ஏசு

1947. பெவர்லி ஹில்ஸில் அப்பா அம்மா ஊருக்குப் போயிருந்த ஒரு வார இறுதி. வேறு பையனாக இருந்தால் கூட்டாளிகளைச் சேர்த்துச் சீட்டாடியிருப்பான். திரைப்பட இயக்குநர் கென்னத் ஆங்கர் வீட்டுக்குள்ளேயே 'ஃபயர்வொர்க்ஸ்' என்ற குறும்படத்தை எடுத்து முடித்துவிட்டார். ஆணை விரும்பும் ஆண் கம்பி எண்ண வேண்டிய காலம் அது. இவரோ தானே நடித்து, ஒரு மாலுமியின் கால்சட்டையிலிருந்து வாணவெடி சீறுவதாகக் காட்டினார். அப்போது தனக்குப் பதினேழு வயது என்று வெகுகாலம் சொல்லிக்கொண்டிருந்தார். பிறந்த வருஷம் 1927, கழித்துப் பார்த்துக்கொள்ளுங்கள். பாலியல் ஆய்வாளர் கின்சி ஒரு பிரதியை விலைக்கு வாங்கினார். ஆராய்ச்சிக்குத்தான்.

1963-இல் 'ஸ்கார்பியோ ரைசிங்'. புரூக்ளின் மோட்டார் சைக்கிள் பையன்கள், 28 நிமிடம், 13 பாட்டு, வசனம் கிடையாது. பாதிப் படம் வண்டியைத் துடைப்பதிலும் தோல் ஜாக்கெட் மாட்டுவதிலுமே போகிறது. பாடகர் பாபி விண்டன் 'ப்ளூ வெல்வெட்' என்று உருகுகிறார். இங்கே ஒருவன் நிதானமாக ஜீன்ஸை ஏற்றுகிறான். முகூர்த்தத்துக்குத் தயாராகும் மணப்பெண்கூட இவ்வளவு நேரம் எடுத்துக்கொள்ள மாட்டாள். கதாநாயகன் படுக்கையில் சாய்ந்து காமிக்ஸ் படிக்கிறான். சுவரில் நடிகர் ஜேம்ஸ் டீன், டிவியில் மார்லன் பிராண்டோ. அமெரிக்க ஆம்பளைத்தனம் முழுக்க ஒப்பனை அறைச் சமாசாரம் என்று இதைவிடப் பச்சையாக எப்படிச் சொல்வது?

தெய்வம் கொடுத்தால் கூரையைப் பிய்த்துக்கொண்டு கொடுக்குமாம். ஆங்கருக்கு வாசற்படியிலேயே வைத்துவிட்டுப் போனது. ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்காக எடுத்த ஏசு படச் சுருள் ஒன்று, விலாசம் தவறித் தன் வீட்டுக்கு வந்ததாக அவரே சொன்ன கதை. திருப்பி அனுப்புகிற ஆளா அவர்? இந்தப் படத்திலேயே வெட்டி ஒட்டினார். ஏசு சீடர்களோடு நடந்து வர, பின்னணியில் கிரிஸ்டல்ஸ் குழுவின் 'ஹீஸ் எ ரெபல்'. நடுவே பைக் கூட்டம். கொஞ்சம் தள்ளி ஹிட்லர். யார் யாருக்குச் சீடர் என்ற வம்பைப் பார்ப்பவர் தலையில் கட்டிவிட்டார்.

1964-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் போலீஸ், படத்தை ஓட்டிய தியேட்டர் மேனேஜரைப் பிடித்தது. ஆபாசம்தான் என்றது ஜூரி. மேல்முறையீட்டில் அது அடிபட்டுப் போனது. பக்திமான்கள் கொதித்தால் புரிந்துகொள்ளலாம். அமெரிக்க நாஜிக் கட்சிக்காரர்களும் கொதித்தார்களாம், தங்கள் கொடியை அவமதித்துவிட்டார் என்று! அவர்களுக்கும் புண்படுவதற்கு ஒரு மனசு இருந்திருக்கிறது.

இத்தனைக்கும் பிறகு ஃபோர்டு அறக்கட்டளை 10,000 டாலர் நல்கை கொடுத்தது. அதில் பிறந்த 'கஸ்டம் கார் கமாண்டோஸ்' (1965) ஓடுவது மூன்றே நிமிடம். இளஞ்சிவப்புப் பின்னணியில் ஒரு பையன், பவுடர் ஒற்றுகிற பஞ்சால் தன் காரைத் தடவித் தடவித் துடைக்கிறான். கார் விற்ற காசில் எழுந்த அறக்கட்டளை, ஒருவன் காரையே காதலிப்பதற்கும் படியளந்துவிட்டது.